சவுக்கத்தில் ஆடிய அக்காவுக்கு

என் தங்கமே, என் பிடிவாதக்காரி, சிவபாக்கியம் அக்கா,

போன வாரம் உன் முதல் திதி முடிந்தது. வந்தவர்கள் எல்லாரும் போய்விட்டார்கள். நான் இன்னும் ஒட்டன்சத்திரத்துக்குத் திரும்பவில்லை, அப்பாவோடு பழனியில்தான் இருக்கிறேன். அவர் வெறும் சுவரைப் பார்த்துக்கொண்டு மணிக்கணக்காக உட்கார்ந்திருக்கிறார். ஏன் என்று உனக்குச் சொல்லத்தான் இந்தக் கடிதம்.

உனக்கு மட்டும் எழுதினால் போதாது என்று தோன்றியது. அன்றைக்கு உன்னைப் பார்த்துச் சிரித்தவர்களும் படிக்கட்டும் என்று பத்திரிகைக்கே அனுப்புகிறேன். நீ இருந்தால், "ஊருக்கெல்லாம் தமுக்கடிக்கணுமாடி?" என்று திட்டுவாய். திட்டு, அக்கா. கேட்டு ஒரு வருஷமாகிறது.

உனக்குத் தெரிந்த கதையையே உனக்குச் சொல்கிறேன் என்று அலுத்துக்கொள்ளாதே. படிக்கிறவர்களுக்கும் விளங்கவேண்டுமே. பழனி அடிவாரத்தில் நாம் மூன்று பேரும் சேர்ந்தால் ஒரு கச்சேரி. அப்பா தட்டுக்கழியால் தாளம் தட்டி நட்டுவாங்கம், நான் பாட்டு, நீ ஆட்டம். கோயிலில் ஆடுகிற வழக்கம் சட்டத்தால் நின்றுபோன பிறகு, கல்யாண வீடு, சபா, சீசனில் கொடைக்கானல் என்று பிழைப்பு ஓடிக்கொண்டிருந்தது.

வேகமாக ஆட ஆயிரம் பேர் உண்டு. உன் பெருமை சவுக்கம். பாட்டு ஊர்ந்து போகும் அந்த மெதுவான காலத்தில், ஓர் அடிக்கும் அடுத்த அடிக்கும் நடுவில் எவ்வளவு இடம் கிடந்தாலும் கண்ணாலும் கழுத்தாலும் நிரப்பிவிடுவாய். கால் மட்டும் அவசரப்படாது. பாடுகிற எனக்குத்தான் மூச்சு முட்டும். "கொஞ்சம் வெரசாப் போனா குடி முழுகிருமாக்கா?" என்று கேட்டால், "ஒனக்கு வேற சோலி கெடக்கோ?" என்று திருப்பிக் கேட்பாய்.

அப்படி ஒரு கொடைக்கானல் சீசனில்தான் பெரும்பாறை முதலாளி வந்தார். பெரும்பாறையில் காப்பித் தோட்டம், கொடைக்கானலில் சிநேகிதர்கள், கையில் புதிதாக ஒரு சினிமாப் பெட்டி. கடிகாரம் மாதிரி சாவி கொடுத்தால் ஓடும் சின்னப் பெட்டி. அதற்குள் கலர் ஃபிலிம். கொட்டகையில் நாம் பார்த்த படமெல்லாம் கறுப்பு வெள்ளை. நமக்குக் கலர் என்றால் கடையில் கொடுக்கும் காலண்டர்தான்.

மனுஷர் முதலில் ரோஜாவை எடுத்தார், ஏரியை எடுத்தார், மலையை எடுத்தார். பிறகு ஒரு சாயங்காலம் உன் ஆட்டத்தைப் பார்த்துவிட்டு அப்பா முன்னால் வந்து நின்றார்.

"அய்யா, ஒங்க மகளக் கலர்ல புடிச்சு வச்சிரணுங்க. நாமெல்லாம் போனப்பறமும் அந்தம்மா ஆடிக்கிட்டே இருப்பாங்க."

அப்பா உன்னைப் பார்த்தார். நீ அதற்குள் துணிப்பெட்டியைத் திறந்து சேலை பொறுக்க ஆரம்பித்துவிட்டாய். உன் ஆசை அப்படித்தான், வாயால் வராது. கிளிப்பச்சைப் பட்டு உனக்குப் பிடித்தது. முதலாளி தலையில் கை வைத்துக்கொண்டார். புல்லும் பச்சை, மரமும் பச்சை, நீங்களும் பச்சை என்றால் படத்தில் முகம் மட்டும் மிதக்குமே என்றார். அரக்குச் சிவப்பும் மாம்பழ மஞ்சள் கரையும் என்று அவர்தான் முடிவு செய்தார்.

வட்டக்கானல் போகிற வழியில், அவருடைய சிநேகிதர் பங்களாவின் புல்வெளியில் பலகை பரப்பியிருந்தார்கள். வெயில் நன்றாக விழுந்தால்தான் கலர் பிடிக்குமாம். அதனால் வெள்ளனே போய்ச் சூரியனுக்குக் காத்திருந்தோம். நெற்றிச்சுட்டி, ராக்கொடி, அட்டிகை எல்லாம் பூட்டிக்கொண்டு, மேலே கம்பளி ஒன்றைப் போர்த்திக்கொண்டு நீ காப்பி குடித்த கோலம் இருக்கிறதே! கல்யாணப் பெண்ணுக்குக் குளிர்ஜுரம் வந்த மாதிரி இருந்தாய். கால் மரத்துப்போகிறது என்று கரிச்சட்டியில் பாதத்தைக் காட்டிக்கொண்டிருந்தாய். அப்பாவுக்கு மூச்சு இழுப்பு. இருந்தும் மப்ளரைச் சுற்றிக்கொண்டு, தட்டுக்கழியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

ஒருவழியாக வெயில் வந்தது. அதன் பின்னாலேயே பள்ளத்திலிருந்து மேகமும் ஏறியது. முதலாளி பதறினார்.

"அம்மா, மிஸ்ட் வருதுங்க. கொஞ்சம் வெரசா ஆடுனீங்கன்னா முடிச்சிரலாங்க."

"வெரசாவெல்லாம் ஆட வராதுங்க. இது சவுக்கம். வேணும்னா ஒங்க மேகத்த நிக்கச் சொல்லுங்க" என்றாய்.

அவர் சிரித்துவிட்டார். பெட்டியின் பக்கத்தில் இருந்த ஒரு திருகைத் திருப்பினார். "சரிங்க, நீங்க மாத்த வேணாம், நான் பெட்டிய மெதுவா ஓட்டிக்கிறேன். மெதுவா ஓடுனா வெளிச்சம் கூடப் புடிக்கும்" என்றார். நாம் அதைக் காதில் வாங்கினோமா? அவர் பெட்டி, அவர் திருகு என்று இருந்துவிட்டோம்.

அந்தப் பெட்டிக்குக் கொடுக்கிற சாவி அரை நிமிஷம்கூடத் தாங்கவில்லை. "சாவி தீந்துருச்சு, அப்பிடியே நில்லுங்க!" என்று அவர் கத்துவார். தூக்கின காலோடு நீ நிற்பாய். அவர் சாவி முறுக்கி முடிக்கும்வரை அப்பா தாளத்தை விரலில் எண்ணிக்கொண்டிருப்பார். அப்பாவே கட்டிய முருகன் பதம், துண்டு துண்டாக, ஆனால் ஒரு துண்டில்கூடக் காலம் பிசகாமல் முடிந்தது.

அது பேசாத படம் என்பது எனக்கு நடுவில்தான் தெரிந்தது. எனக்கு வந்தது பார் கோபம். "பாட்டு பதியாதுன்னா இந்தக் குளிர்ல நான் எதுக்குக்கா தொண்டையக் கிழிச்சுக்கணும்?" என்றேன். நீ முகத்தைத் திருப்பாமலே, "நீ பாடாம என் காலு எப்பிடிடி நகரும்?" என்றாய். அதற்குப் பிறகு வாயைத் திறக்காமல், அதாவது பாட்டுக்கு மட்டும் திறந்துகொண்டு, இருந்தேன்.

ஃபிலிமைக் கழுவக் கப்பலில் வெளிநாட்டுக்கு அனுப்பினார்கள். அது போய்த் திரும்பி வர மாதங்கள் ஆயின. நீ கேட்காத மாதிரி கேட்டுக்கொண்டே இருந்தாய். முதலாளி வீட்டு ஆள் மிளகு மூட்டையோடு பழனிக்கு வந்தால், மோர் கொடுக்கிற சாக்கில் போய், "மேல என்ன விசேசம்?" என்பாய். எனக்குச் சிரிப்பாக வரும்.

அடுத்த சீசனில் படம் வந்தது. கொடைக்கானலில் ஒரு பள்ளிக்கூட ஹாலில், அவர்களுடைய பேசும்பட மிஷினிலேயே போட்டுக் காட்ட ஏற்பாடு. நான் தலைப்பிரசவத்துக்கு நம் வீட்டுக்கு வந்து, சாரதா பிறந்து தீட்டுக்கூடக் கழியாமல் கிடந்தேன். அப்பாவுக்கு இழுப்பு மலையேற விடவில்லை. முதலாளியின் சம்சாரத்தோடு நீ மட்டும் பஸ் ஏறினாய். தலை நிறைய மல்லிகை வைத்துக்கொண்டு போனாய்.

அங்கே நடந்ததை அந்த அம்மாதான் பிற்பாடு எனக்குச் சொன்னார்கள். படம் விழுந்ததும் ஹாலே வாய் பிளந்ததாம். "அடேயப்பா, அச்சு அசல் கலரு!" என்று பின்னாலிருந்து ஒருவர் கத்தினாராம். அதே அரக்குச் சிவப்பு, அதே மாம்பழக் கரை. மூக்குத்திக் கல் மினுக்கியது தெரிந்ததாம். உன் கையைப் பிடித்து, "பாத்தியா பாக்கியம், பாத்தியா!" என்று அவர்களே குதித்திருக்கிறார்கள்.

பிறகு நீ ஆட ஆரம்பித்தாய். முன்வரிசையில் பிள்ளைகள் கிளுக்கென்று சிரித்தார்கள். அப்புறம் பெரியவர்களும். திரையில் உன் கால் தானியம் கொத்துகிற கோழி மாதிரி தடதடவென்று போனதாம். கழுத்து வெட்டி வெட்டி இழுத்ததாம். முருகனை நினைத்து உருகுகிற இடத்தில் ஹாலே விழுந்து விழுந்து சிரித்திருக்கிறது. நீ எழுந்து போகவில்லை. கடைசிவரை உட்கார்ந்து பார்த்தாயாம். அதைத்தான் அந்த அம்மாவால் மறக்க முடியவில்லை.

மறுநாள் நீ வீட்டுக்குள் வந்ததை நான் உள்ளறையிலிருந்து பார்த்தேன். செருப்பைக்கூடக் கழற்றாமல் அப்பா முன்னால் போய் நின்றாய்.

"ஏம்ப்பா, நான் ஆடுறப்ப நீங்க எப்பிடித் தட்டுவீங்க?"

அப்பாவுக்கு ஒன்றும் புரியவில்லை. செல்லமாகக் கேட்கிறாய் என்று நினைத்துவிட்டார் பாவம். "இதென்ன கேள்வி? நீ எங்க காலு வைக்கிறியோ அங்க என் கழி விழும்" என்றார்.

உன் முகம் செத்துப்போயிற்று. உள்ளே போய்ச் சலங்கையை எடுத்துவந்து, அப்பாவின் எந்தக் கையிலிருந்து அதை வாங்கிக் கட்டினாயோ அந்தக் கையின் பக்கத்தில் வைத்துவிட்டு நகர்ந்தாய். நம் வழக்கத்தில் குருவிடம் சலங்கையைத் திருப்பிக் கொடுத்தவர்கள் உண்டா, அக்கா? ஏன் என்று அப்பா கேட்கவே இல்லை. அதைத் தொடவும் இல்லை. நான்தான் எடுத்து உள்ளே வைத்தேன்.

அன்று என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, குழந்தையைப் பார்த்துக்கொண்டே சொன்னாய். "எனக்கு லயமே இல்லடி. நான் ஓடியிருக்கேன், அப்பா என் பின்னாடியே தாளத்த ஓட்டிக்கிட்டு வந்திருக்காரு. பெத்த பாசம். சொல்ல மனசு வரல அவருக்கு."

நான் கத்தினேன். உன்னோடு அத்தனை வருஷம் பாடியவள் நான், எனக்குத் தெரியாதா என்று கேட்டேன். "நீயும் என்கூடவே ஓடியிருப்ப. மூணு பேரும் ஒரே வண்டியில போனா வண்டி ஓடுறது யாருக்குத் தெரியும்?" என்றாய். படத்தில் ஏதோ கோளாறு இருக்கும் என்றேன். அதற்கு நீ சொன்னதைத்தான் என்னால் மறக்க முடியவில்லை. "சேலைச் செவப்பு பொய் சொல்லல. கல்லு பொய் சொல்லல. தலையில இருந்த பூ வாடினதுகூட அப்பிடியே தெரியுது. காலு மட்டும் பொய் சொல்லுமாடி?"

கறுப்பு வெள்ளையாக இருந்திருந்தால் நீ நம்பியிருக்கமாட்டாய், அக்கா. ஏதோ பொம்மலாட்டம் என்று உதறியிருப்பாய். அந்தப் பாழாய்ப்போன கலர்தான் உன்னை நம்பவைத்தது.

அந்தப் படத்தைப் பார்க்கமாட்டேன் என்று என்னிடம் சத்தியம் வாங்கினாய். ஃபிலிமைக் கொளுத்திவிடச் சொல்லி முதலாளிக்கு ஆள் அனுப்பினாய். அடிவாரத்தில் விபூதியும் கற்பூரமும் விற்கிற கடையில் போய் உட்கார்ந்தாய். காவடிக்கூட்டம் கொட்டடித்துக்கொண்டு கடை வழியாகப் போகும்போது, பாதத்தைத் தரையில் அழுத்திப் பிடித்துக்கொள்வாய். நான் பார்த்திருக்கிறேன். சாரதா வளர்ந்து, "பெரியம்மா, எனக்கு ஆடச் சொல்லித் தாங்க" என்று மடியில் விழுந்தபோதும், "எங்கிட்ட லயம் இல்ல கண்ணு, லயம் இருக்கிறவுககிட்டப் போய்ப் படி" என்றுதான் சொன்னாய்.

அப்பா தன் பங்குக்கு வேறொன்றை நினைத்துக்கொண்டிருந்திருக்கிறார். அப்போதுதான் அவருக்குக் கை நடுங்க ஆரம்பித்திருந்தது. "என் தாளம் ஆட்டங்கண்டது அவளுக்குத் தெரிஞ்சிருச்சு. மொகத்துக்கு நேரா சொல்ல மனசில்லாம சலங்கைய வச்சிட்டா" என்று உன் காரியம் முடிந்த பிறகுதான் என்னிடம் சொன்னார். நீ சொன்னதை நானும் அன்றைக்குத்தான் அவரிடம் சொன்னேன். ஒரே வீட்டில், ஒரே அடுப்புச் சோற்றைத் தின்றுகொண்டு, ஒருவர் மனம் நோகக் கூடாதென்று மற்றவர் வாயை மூடிக்கொண்டு இத்தனை வருஷம் கழித்திருக்கிறீர்கள். உங்கள் இரண்டு பேரையும் நிற்கவைத்து நாலு சாத்துச் சாத்தலாம் போலிருந்தது. மஞ்சள் காமாலை என்று ஒன்று வந்து உன்னைக் கொண்டுபோன பிறகு யாரைச் சாத்துவது?

இனிமேல்தான் உனக்குத் தெரியாத சேதி.

திதிக்கு முதலாளி வந்தார். தலை முழுக்க நரைத்துவிட்டது. ஜீப்பிலிருந்து ஒரு மிஷினையும் தகர டப்பாவையும் இறக்கினார். "கொளுத்தச் சொன்னாங்க. எனக்கு மனசு வரலைங்க. சொந்தமா மிஷின் வாங்கிட்டேன். ஒருக்கா அந்தம்மா மொகத்தப் பாத்துக்கங்க" என்றார். உனக்குக் கொடுத்த சத்தியம் நீ இருக்கும்வரைதான் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். கோபித்துக்கொள்ளாதே. எனக்கு உன்னைப் பார்க்கவேண்டும்போல இருந்தது.

பட்டப்பகலில் ஜன்னலுக்கெல்லாம் ஜமக்காளம் கட்டி இருட்டாக்கினோம். அப்பாவின் வேட்டியைச் சுவரில் விரித்தோம். நீ வந்தாய். அந்தச் சிவப்பு! நான் அழ ஆரம்பிக்கும் முன்பே நீ ஆட ஆரம்பித்துவிட்டாய். நீ சொன்னது நிஜம்தான். தடதடவென்று ஓடினாய். பாடலாம் என்று வாயெடுத்தேன், ஓர் அடிகூட ஒட்டவில்லை. அந்த ஒரு நிமிஷம் நானும் உன்னைச் சந்தேகப்பட்டுவிட்டேன்.

அப்போது உனக்குப் பின்னால், படத்தின் ஓரத்தில் ஓர் ஆள் குறுக்கே போனார். அந்தப் பங்களாத் தோட்டக்காரர். உனக்கு நினைவிருக்கும், இடுப்பு பிடித்துப்போய், விந்தி விந்தி ஊன்றி நடப்பாரே, அவர்தான். கையில் பூவாளியோடு, பந்தயத்துக்குப் போகிறவர் போல ஓடினார்.

"நிறுத்துங்க!" என்று நான் போட்ட சத்தத்தில் அப்பா திடுக்கிட்டுவிட்டார். "முதலாளி, அந்த மனுசன் என்னைக்குங்க ஓடினாரு? அவரு நடக்குறதே பெரும்பாடாச்சே?"

முதலாளி வேட்டியைப் பார்த்தார், மிஷினைப் பார்த்தார். அப்படியே உட்கார்ந்துவிட்டார். பிறகு சொன்னார். "அன்னைக்கு வெளிச்சம் பத்தலைன்னு விநாடிக்குப் பதினாறு படமா எடுத்தேங்க. பேசும்பட மிஷினு இருபத்துநாலா ஓட்டும். பள்ளிக்கூட மிஷினுக்கு அந்த ஒரு வேகந்தான். அதுக்கு முன்ன நான் எடுத்ததெல்லாம் ரோசாப்பூவும் மலையும். அது ஓடுனா எனக்கெப்பிடித் தெரியும்? படத்துல வந்தா ஆட்டம் இப்பிடித்தான் வேகமாத் தெரியும்போலன்னு நெனச்சிட்டேங்க." சொந்த மிஷின் வாங்கிய பிறகு வேகத்தைப் பற்றியெல்லாம் தெரிந்துகொண்டாராம். இந்த டப்பாவை மட்டும், நீ வேண்டாம் என்றாயே என்று, திறக்காமலே வைத்திருந்தாராம்.

இரட்டிப்பாக ஓடியிருந்தால்கூட உனக்குப் பிடிபட்டிருக்கும், அக்கா. இது இரண்டாம் காலமல்லவா என்று அங்கேயே எழுந்து கேட்டிருப்பாய். இது ஒன்றரை மடங்கு. நாம் ஆடிப் பழகின எந்தக் காலத்திலும் சேராத ஓட்டம். தாளம் தெரிந்தவளைத்தான் அது இப்படி ஏமாற்றும். மேகத்துக்காகக்கூட அவசரப்படமாட்டேன் என்றாயே, அதற்காகத்தானே அவர் அந்தத் திருகைத் திருப்பினார்? யாரிடம் போய்ச் சண்டை போடுவது, சொல்.

அவர் மிஷினில் ஒரு விசையைக் கீழே இறக்கி மறுபடி ஓட்டினார். வேட்டியில் நீ மெதுவாகக் கண்ணைத் திறந்தாய். நான் பாடினேன். குரல் முன்போல இல்லை, உடைந்து உடைந்து வந்தது. எனக்குப் பக்கத்திலிருந்து டக் என்று ஒரு சத்தம். அப்பா தட்டுக்கழியை எங்கிருந்து எடுத்தார் என்று தெரியவில்லை. கை நடுங்கியது. ஆனாலும் கழி விழுகிற இடத்தில் உன் பாதம் இருந்தது, அக்கா. ஒவ்வொரு தடவையும் இருந்தது. நடுவில் சாவி தீர்ந்து படம் அறுந்த இடங்களில் மட்டும் அவர் நிறுத்தி, விரலில் எண்ணி, உன்னோடு திரும்பச் சேர்ந்துகொண்டார்.

முடிந்ததும் அப்பா சத்தம் போட்டு அழுதார். "நான் ஓட்டலம்மா. நீயும் ஓடல தாயி" என்று வேட்டியைப் பார்த்துச் சொல்லிக்கொண்டே இருந்தார். ஒரே ஒரு வருஷத்துக்கு முன்னால் இது நடந்திருக்கக் கூடாதா? கட்டிலோடு தூக்கிவந்தாவது உனக்குக் காட்டியிருப்பேனே.

முதலாளி என் காலில் விழ வந்தார், தடுத்துவிட்டேன். அவரை மன்னிக்கலாமா வேண்டாமா என்று எனக்கு இன்னும் தெரியவில்லை. அவர் கொளுத்தாமல் வைத்திருந்ததால்தானே உன்னைப் பார்த்தேன்?

இன்னும் ஒன்று. ஆட்டம் முடிந்த பிறகும் பெட்டியில் கொஞ்சம் சாவி மிச்சம் இருந்திருக்கிறது. நீ கும்பிட்டுவிட்டு, பலகையிலிருந்து இறங்கி, நான் உட்கார்ந்திருந்த பக்கம் திரும்புகிறாய். மூச்சு வாங்குகிறது, வாயிலிருந்து ஆவி வருகிறது. என்னைப் பார்த்து ஏதோ கேட்கிறாய். ஹாலில் வேகமாக ஓடியபோது அது வெறும் உதட்டுத் துடிப்பாக இருந்திருக்கும். மெதுவாகப் பார்த்ததும் தெரிந்துவிட்டது. "சரியா இருந்துச்சாடி?" என்று கேட்கிறாய். நான் என்ன சொன்னேன் என்று மண்டையை உடைத்துக்கொள்கிறேன், நினைவில் வரவில்லை. படத்தில் நான் இல்லை. இருந்திருந்தாலும் குரல் பதிந்திருக்காது.

வருகிற சீசனில் அதே ஹாலைக் கேட்டிருக்கிறோம். முதலாளி மிஷினைக் கொண்டுவருகிறார். இழுப்பு இருந்தாலும் வருவேன் என்று அப்பா அடம்பிடிக்கிறார். திரைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து நான் பாடுவேன். கடைசியில் நீ திரும்பி என்னைக் கேட்பாய் அல்லவா, அப்போது எழுந்து நின்று, அத்தனை பேர் காதிலும் விழும்படி பதில் சொல்வேன்:

சரியா இருந்துச்சுக்கா.

உன் பாட்டுக்காரத் தங்கச்சி,
ராஜாமணி